என் வாயில் வேறொருவன் குரல்

இப்போதெல்லாம் யார் யாரிடம் பேசுகிறார்கள் என்றே தெரிவதில்லை. சிங்காநல்லூர் பஸ் ஸ்டாண்டில் நிற்கிறேன். பக்கத்தில் நிற்கிறவன், "சொல்லுங்க, சாப்பிட்டீங்களா?" என்கிறான். வயசானவனை மதித்துக் கேட்கிறானே என்று, "ஆச்சுங்க தம்பி, இட்லி" என்றேன். அவன் என்னை ஒரு மாதிரி பார்த்துவிட்டுக் காதைத் தொட்டுக் காட்டுகிறான். காதுக்குள் வெள்ளையாக ஒரு பொத்தான். முன்பு தனியாகப் பேசிக்கொண்டு போகிறவனைக் கண்டால் ஒதுங்கி நடப்போம். இன்றைக்கு அப்படி ஒதுங்கினால் ரோட்டில் கால் வைக்கவே முடியாது.

வீட்டிலும் அதே கதைதான். இனியா என் மகள் வயிற்றுப் பேத்தி. பீளமேட்டில் கம்ப்யூட்டர் ஆபீஸில் வேலை. சிநேகிதிகள் பேசி அனுப்புவதையெல்லாம் போனில் வேகமாக ஓடவிட்டுக் கேட்கிறாள். கோழி கத்துகிற மாதிரி இருக்கிறது.

"அந்தப் புள்ள கொரலு இதில்லையே கண்ணு" என்றேன் ஒருநாள்.

"விசயம் தெரிஞ்சாப் போதும் அப்புச்சி. கொரலு எதுக்கு?"

கொரலு எதுக்கு. நாற்பது வருஷமாக மெட்ராஸ்காரர்கள் எனக்குச் சொன்னதும் இதைத்தான்.

என் பெயர் மாசாணம். பத்தொன்பது படத்தில் நடித்திருக்கிறேன். உங்களுக்குத் தெரிந்திருக்காது. என் மூஞ்சியைப் பார்த்தால் எங்கேயோ பார்த்த மாதிரி இருக்கிறதே என்பீர்கள், அவ்வளவுதான். பண்ணையாள், வண்டிக்காரன், வாட்ச்மேன், பஞ்சாயத்தில் கடைசி வரிசையில் துண்டைக் கக்கத்தில் வைத்துக்கொண்டு நிற்கிறவன். அந்த மாதிரி வேஷம்தான் எனக்கு. பத்தொன்பதில் பதினோரு படத்தில் வாயைத் திறந்து பேசியிருக்கிறேன். பதினொன்றிலும் வந்தது என் குரல் இல்லை.

சினிமாவுக்கு முன்னால் மில் நாடகம். பஞ்சாலையில் நூல் நூற்கிற ரிங் பிரேம் பிரிவில் வேலை. வருஷத்துக்கு ஒரு நாடகம் போடுவோம். பெண் வேஷத்துக்கு மட்டும் வெளியில் இருந்து ஆள் கூட்டி வருவார்கள். எழுபத்தெட்டில் எனக்கு ராஜா வேஷம். எங்கள் தெருக்காரன் ஊருக்குள் செருப்புப் போட்டுக்கொண்டு நடக்க முடியாத காலம் அது. நான் மில் மேடையில் சிம்மாசனத்தில் உட்கார்ந்து, "யாரங்கே!" என்றேன். பண்ணையக்காரர் வீட்டுப் பையன்கள் கீழே மணலில் உட்கார்ந்து பார்த்தார்கள். மைக் ஒன்று மேலே தொங்கியது. அதை நான் கண்டுகொள்ளவே இல்லை. எனக்கு எதற்கு மைக்? கடைசி வரிசையில் இருந்த கேண்டீன்காரர் வரைக்கும் கேட்டது. அந்த நாடகத்தைப் பார்த்துவிட்டுத்தான் பழனியாத்தாள் என்னைக் கட்டிக்கொள்ள ஒத்துக்கொண்டாள். இதை அவளே சொல்லியிருக்கிறாள். நானாகச் சொல்லவில்லை.

எண்பத்து மூன்றில் பொள்ளாச்சிப் பக்கம் ஷூட்டிங். உள்ளூர் மூஞ்சி வேண்டும் என்று ஆள் பிடித்தார்கள், போனேன். ஒரே ஒரு வசனம். "எசமான், செவலை கன்னு போட்டிருச்சுங்க. காளைக்கன்னுங்க." ஓடி வந்து சொல்ல வேண்டும். ஒரே தடவையில் சொன்னேன். சரி, போ என்றார்கள். வந்துவிட்டேன்.

படம் சிங்காநல்லூருக்கு வந்தபோது மில் லைன் வீட்டுக்காரர்கள் இரண்டு வரிசை பிடித்து உட்கார்ந்தோம். பழனியாத்தாள் கல்யாணப் புடவை கட்டிக்கொண்டு வந்திருந்தாள். திரையில் நான் ஓடி வந்தேன். லைன் வீடே விசில் அடித்தது. என் வாய் திறந்தது. உள்ளே இருந்து வேறு ஒருத்தன் பேசினான்.

கெட்டியான குரல். வழுவழு என்று, ரேடியோவில் செய்தி வாசிக்கிறவன் குரல். கன்று போட்டதை மந்திரிசபை மாறிய மாதிரிச் சொன்னான்.

பின்னால் இருந்து ஒருத்தன், "மாசாணம், அன்னைக்குச் சளிங்களா?" என்று கேட்டான். எல்லாரும் சிரித்தார்கள்.

பழனியாத்தாள் சிரிக்கவில்லை. என் முழங்கையைப் பிடித்துக்கொண்டாள்.

"ஏனுங்க, அது யாருங்க?"

"நாந்தான் புள்ள."

"மூஞ்சி நீங்க. பேசறது யாருங்க?"

எனக்கு அப்போது தெரியாது. பிறகுதான் விசாரித்துத் தெரிந்துகொண்டேன். எடுக்கிறபோது பேசுவது கணக்கில்லையாம். மெட்ராஸில் டப்பிங் தியேட்டரில் திரும்பப் பேச வேண்டுமாம். பெரிய நடிகர்களைக் கூப்பிடுவார்கள். ஒற்றை வசனக்காரனுக்கு யார் பஸ் சார்ஜ் கொடுத்துக் கூப்பிடுவார்கள்? அங்கேயே ஓர் ஆள் இருப்பான். பூசாரிக்கும் பேசுவான், போலீஸுக்கும் பேசுவான், எனக்கும் பேசுவான்.

அன்றைக்கு வீட்டுக்கு வந்ததும் பழனியாத்தாள் சொன்னாள், "இன்னொரு ஆம்பளை கொரல்ல பேசற புருசனைப் பாக்க நான் எதுக்குங்க வரோணும்? எப்பப் படத்துல உங்க கொரல்ல பேசறீங்களோ, அப்பச் சொல்லுங்க. வாரேன்."

சொன்னால் சொன்னதுதான் அவளுக்கு. அதற்குப் பிறகு என் படம் எதற்கும் அவள் வரவில்லை. ஒவ்வொரு படம் முடித்துவிட்டு வரும்போதும், சோறு போட்டுக்கொண்டே கேட்பாள்.

"இந்த வாட்டி யாருங்க பேசுனது?"

"அதே ஆளுதான்னு நெனைக்கறேன்."

"பேசறதெல்லாம் அவரு, சோறு மட்டும் உங்களுக்கா? அவருக்கும் ஒரு வட்டல் வெச்சரட்டுங்களா?"

தொண்ணூற்றொன்றில் பொறுக்க முடியாமல் மெட்ராஸுக்கே போனேன். வடபழனியில் ஒரு டப்பிங் தியேட்டர் வாசலில் டீக்கடை. அங்கே அந்த ஆளைக் காட்டினார்கள். குரலுக்கு ஒரு யானை மாதிரி இருப்பான் என்று நினைத்திருந்தேன். பார்த்தால் வேலியில் ஓடுகிற ஒடக்கான் மாதிரி ஒல்லியாக ஒரு மனுஷன், பொத்தான் இல்லாத சட்டை. என் மூஞ்சியைப் பார்த்ததும் அவனுக்கு என்னைத் தெரிந்துவிட்டது. சொந்தக்காரனைப் பார்த்தவன் மாதிரி கையைப் பிடித்துக்கொண்டான்.

"உங்க வாய் அசைவு ரொம்ப சுத்தம் சார். உங்களுக்குப் பேசறதுன்னா எனக்கு ரெஸ்ட் எடுக்கற மாதிரி" என்றான்.

சண்டை போடப் போனவனுக்கு டீ வாங்கிக் கொடுத்தான். ஏதோ ஒரு படத்தில் வசனத்துக்கு நடுவில் நான் இருமிவிட்டேனாம். அதையும் அவனே இருமியிருக்கிறான். எப்படி என்று இருமிக் காட்டினான். அசலாக நான்தான். என் இருமலை இன்னொருத்தன் தொண்டையில் கேட்டது அன்றைக்குத்தான். அன்று முதல் நான் எந்தச் சத்தத்தையும் நம்புவதில்லை.

மில் மூடினார்கள். படமும் குறைந்தது. மூன்று வருஷத்துக்கு முன்னால் பழனியாத்தாள் போய்விட்டாள். அவளிடம் "வா" என்று சொல்ல எனக்கு ஒரு படம்கூட அமையவில்லை.

போன வருஷம் தை மாதம் ஒரு பெண் வீட்டுக்கு வந்தாள். பெயர் ஹர்ஷிணி, பல்லடம் பக்கத்துப் பெண். பேன்ட் சட்டை, தலையில் தொப்பி. டைரக்டர் என்றாள். நான் கூட வந்தவனைப் பார்த்தேன். "அவரு டிரைவருங்கய்யா. நாந்தான் டைரக்டர்" என்றாள்.

சோமனூரில் எடுக்கப் போகிற படமாம். விசைத்தறிக்காரர்கள் கதை. தறியைப் பழைய இரும்புக்குப் போட்டுவிட்டு வெறுங்கையோடு வீட்டுக்கு வருகிற கிழவன் வேஷம் எனக்கு. வாசலில் நின்று பெண்டாட்டியைக் கூப்பிட வேண்டும். "மரகதம், தறி போயிருச்சு. கதவைத் தொற." அவ்வளவுதான் வசனம்.

"யாரு பேசறது?" என்றேன்.

"நீங்கதானுங்கய்யா."

"அது தெரியும் கண்ணு. படத்துல யாரு பேசறது?"

"நீங்கதானுங்க. நாங்க லைவ் சவுண்டுல எடுக்கறோம். எடுக்கறப்ப நீங்க பேசறதுதான் படத்துல வரும். டப்பிங்கே இல்லீங்க."

"எல்லாரும் இப்படித்தான் சொல்லுவாங்க."

"இதுக்கு முன்னால யாருங்கய்யா சொன்னாங்க?"

யாரும் சொல்லவில்லை. ஆனால் அதை அவளிடம் ஒத்துக்கொள்ள வேண்டுமா என்ன? "எம்பட கொரலா இருந்தா வாரேன். இல்லாட்டி வேற ஆளப் பாரு" என்றேன். சிரித்தாள். இனிய குரல் வேண்டும் என்று அவள் தேடவில்லையாம். நம் பக்கத்துப் பேச்சு வேண்டுமாம். முன்பு அதற்காகத்தான் என்னை ஒதுக்கினார்கள். இப்போது அதற்காகக் கூப்பிடுகிறார்களாம். எனக்கு நம்பிக்கை இல்லை. ஆனாலும் போனேன். சாவதற்குள் ஒரே ஒரு தரம் என் வாயில் இருந்து என் குரல் வருவதைத் திரையில் கேட்க வேண்டும் என்று எனக்கு இருந்தது.

சோமனூரில் இறங்கினால், மரகதம் வேஷத்துக்கு வந்து உட்கார்ந்திருந்தவள் ஆமினா பீவி. எழுபத்தெட்டில் என் ராணி. உக்கடத்துக்காரி. மில் நாடகம், கோயில் திருவிழா நாடகம் எல்லாவற்றிலும் நடித்தவள். அப்போது பத்தொன்பது வயது. இப்போது முழங்கால் வலி, கையில் கம்பு.

"மாசாணண்ணா! ராசா கிரீடமெல்லாம் எங்கீங்க?" என்றாள்.

"வித்துப்போட்டேன் அம்மணி. ராணிக்கு எதுக்குக் கம்பு?"

"செங்கோலுங்க."

பழனியாத்தாளை அவளுக்கு நன்றாகத் தெரியும். நாடகம் முடிந்தால் எங்கள் லைன் வீட்டில்தான் வேஷம் கலைப்பாள், சாப்பிடுவாள். அவள் போன செய்தி தெரிந்திருந்தது. ரொம்ப நேரம் என் கையைத் தட்டிக்கொண்டே இருந்தாள்.

சோமனூரில் அந்தத் தெரு முழுக்கத் தறி. நாள் பூராவும் டக் டக் என்று பூமியே ஆடும். அரை மணி நேரம் எல்லாத் தறியையும் நிறுத்தச் சொல்லி வீடு வீடாகப் போய்க் கேட்டிருந்தார்கள். நிறுத்தினார்கள். தெரு சட்டென்று செத்துப்போன மாதிரி ஆனது. எங்கேயோ ஒரு குழந்தை அழுதது. தறிச் சத்தத்தில் தூங்கிப் பழகிய குழந்தை, சத்தம் நின்றதும் முழித்துக்கொண்டது என்றார்கள்.

சவுண்டுக்காரன் என் சட்டைக்குள் நெஞ்சில் எதையோ ஒட்டினான். பாசிப்பயறு அளவுக்கு ஒரு மைக். இதற்குள் ஒரு மனுஷன் குரல் எப்படிப் போகும்? நம்பவில்லை. முதல் தடவை நான் மில் மேடையில் பேசுகிற மாதிரி, "மரகதம்!" என்றேன். அவன் காதில் மாட்டியிருந்ததைப் பிய்த்து எறிந்துவிட்டுத் தலையைப் பிடித்துக்கொண்டான்.

ஹர்ஷிணி வந்தாள். "ஐயா, அவங்க கதவுக்கு அந்தப் பக்கம்தான் இருக்காங்க. பொள்ளாச்சில இல்லீங்க. ஊட்டுல எப்படிக் கூப்புடுவீங்களோ அப்படிக் கூப்புடுங்க, போதும்."

இரண்டாம் தடவை மெல்லச் சொன்னேன். நடுவில் விமானம் போய்விட்டது. திரும்ப முதலில் இருந்து நடந்து வரச் சொன்னார்கள்.

தெருமுனைக்குப் போய் நின்றேன். அப்போதுதான் அந்த யோசனை வந்தது. என்னதான் லைவ் என்று சொன்னாலும் மெட்ராஸில் போய் ஒரு ஒடக்கானை உட்கார வைத்துப் பேச வைப்பார்கள். எனக்கு எப்படித் தெரியும்? ஆட்டுக்குக் காதில் அடையாளம் போடுகிற மாதிரி என் குரலுக்கு ஓர் அடையாளம் போட்டுவிட வேண்டும். காகிதத்தில் இருப்பது மரகதம். டப்பிங்காரன் காகிதத்தைப் பார்த்துத்தான் பேசுவான். நான் வேறு பெயரைச் சொன்னால்? படத்தில் அந்தப் பெயர் வந்தால் குரல் என்னுடையது. மரகதம் என்று வந்தால் அவர்களுடையது.

வேறு பெயர் என்றால் எனக்கு என்ன பெயர் வரும்?

நடந்து வந்தேன். வாசலில் நின்றேன். தறி இல்லாத தெரு, கதவு ஒருக்களித்துச் சாத்தியிருக்கிறது. "பழனியாத்தா" என்றேன். அடுத்த வரி வரவில்லை. கொஞ்சம் பொறுத்து, "தறி போயிருச்சு. கதவைத் தொற" என்றேன்.

உள்ளே கதவுப் பக்கம் முதுகு காட்டி ஆமினா பாத்திரம் துலக்கிக்கொண்டிருக்கிறாள் என்று காட்சி. வேறு நடிகையாக இருந்தால் பெயர் மாறியதும் டைரக்டரைப் பார்த்திருப்பாள். இவள் தலையை மட்டும் திருப்பினாள். அவளுக்கு எழுதியிருந்தது, "வந்துட்டீங்களா" என்று. அதை விட்டுவிட்டு, "வாரனுங்க" என்றாள்.

வாசல் நிலையைப் பிடித்துக்கொண்டேன். அதுவும் நடிப்பு என்று எல்லாரும் நினைத்துவிட்டார்கள். கை தட்டினார்கள்.

"பேரு மாத்திச் சொல்லீட்டீங்களேங்கய்யா" என்றாள் ஹர்ஷிணி. "பரவால்லீங்க. வேற எங்கயும் மரகதம்னு வரலை. இதையே வெச்சுக்கறேன்."

"டப்பிங்குல சரி பண்ணிருவீங்க."

"ஐயா, டப்பிங் இல்லீங்கய்யா."

"சரி சரி" என்றேன்.

தறிகளை ஓடவிட்டார்கள். அந்தக் குழந்தை அழுகையை நிறுத்தியது.

பத்து மாசம் போனது. மெட்ராஸில் இருந்து என்னை யாரும் டப்பிங்குக்குக் கூப்பிடவில்லை. நான் இனியாவிடம் சொன்னேன், "பாத்தியா, கூப்புடல. வேற ஆள வெச்சுப் பேசீட்டாங்க."

"அப்புச்சி, லைவ் சவுண்டுன்னா கூப்புடவே மாட்டாங்க. கூப்புடாததுதான் நல்லது."

"அந்தக் காலத்துலயும் கூப்புடாமத்தான் பேசுனாங்க."

அவள் தலையில் அடித்துக்கொண்டு ஆபீஸுக்குப் போய்விட்டாள்.

படம் வந்தது. பெயரைச் சொல்ல மாட்டேன். விளம்பரம் செய்ய எனக்கு என்ன தலையெழுத்து? பீளமேட்டுப் பக்கம் ஒரு மாலில் மத்தியானக் காட்சி. இனியா லீவு போட்டுவிட்டு என்னை ஸ்கூட்டரில் கூட்டிப்போனாள். ஹர்ஷிணி வாசலில் நின்றிருந்தாள். ஆமினாவும் கம்பை ஊன்றிக்கொண்டு வந்திருந்தாள். உள்ளே மெத்தை நாற்காலி. சாய்ந்தால் கால் மேலே வருகிறது. ஆஸ்பத்திரிக் கட்டில் மாதிரி. நான் சாயாமல் உட்கார்ந்தேன். எனக்கு இந்தப் பக்கம் இனியா, அந்தப் பக்கம் ஒரு நாற்காலி காலி. அதற்கு அடுத்து ஆமினா.

"இங்க வந்து ஒக்காரு அம்மணி" என்றேன்.

"இல்லீங்ணா, இது இருக்கட்டும்" என்றாள். காலி நாற்காலியில் தன் பையைக்கூட வைக்கவில்லை. மடியிலேயே வைத்துக்கொண்டாள்.

முக்கால் மணி நேரம் கழித்து என் முறை வந்தது. முதலில் முதுகு. தெரு நீளத்துக்கு நடக்கிறேன். நான் இவ்வளவு கூனி நடக்கிறேன் என்று எனக்கு யாரும் சொல்லவில்லை. சத்தமே இல்லை. என் செருப்புச் சத்தம் மட்டும். பிறகு மூஞ்சி. வாய் திறந்தது.

"பழனியாத்தா."

என் கை நாற்காலியைப் பிடித்துக்கொண்டது. அடையாளம் தப்பவில்லை. பெயர் வந்துவிட்டது. அந்தப் பெரிய இருட்டுக்குள், அத்தனை ஸ்பீக்கரில், அவள் பெயர்.

ஆனால் குரல்?

சாக்குப் பையைத் தரையில் இழுக்கிற மாதிரி ஒரு குரல். உடைந்து, நடுவில் காற்றுப் போய், கடைசி எழுத்து காதில் விழாத குரல். யாரோ ஒரு கிழவன். என் குரல் எங்கே? கேண்டீன்காரர் வரைக்கும் கேட்ட குரல் எங்கே? "யாரங்கே" என்றால் மணலில் உட்கார்ந்திருந்தவன் நிமிர்ந்து பார்த்தானே, அந்தக் குரல்?

"தறி போயிருச்சு. கதவைத் தொற" என்றான் அந்தக் கிழவன்.

"வாரனுங்க" என்றாள் ஆமினா திரையில்.

இனியா என் தோளில் சாய்ந்து அழுதாள். "அம்மிச்சி பேரு" என்றாள். பின்வரிசையில் யாரோ மூக்கைச் சிந்தினார்கள். நான் அழவில்லை. காலி நாற்காலியைப் பார்த்தேன். அவள் வந்திருந்தால் என் முழங்கையைப் பிடித்துக்கொண்டு, "ஏனுங்க, அது யாருங்க?" என்றுதான் கேட்டிருப்பாள்.

வெளியே வந்ததும் ஹர்ஷிணி ஓடி வந்தாள். "எப்படிங்கய்யா இருந்துச்சு?"

"பேசுனது யாரு கண்ணு?"

அவளுக்குப் புரியவே கொஞ்ச நேரம் ஆனது. புரிந்ததும் மூஞ்சி வாடிவிட்டது. "ஐயா, சத்தியமா நீங்கதானுங்க. ஒரிஜினல் சவுண்டு எங்கிட்ட இருக்குது. கேமரா ஓடறதுக்கு முந்தி நீங்க ரெண்டு வாட்டி இருமுனதுகூட அதுல இருக்குதுங்க. போட்டுக் காட்டட்டுங்களா?"

"இருமலைக்கூட அப்படியே இருமறவனை நான் பாத்திருக்கறேன்."

"பேரு? அந்தப் பேர நீங்கதானுங்களே மாத்திச் சொன்னீங்க?"

"அதைக் கேட்டு எழுதிக் குடுத்திருப்பீங்க."

இனியா போனை எடுத்தாள். நான் பேசினதை எனக்குத் தெரியாமலே பிடித்திருக்கிறாள். போட்டுக் காட்டினாள். அதே சாக்குப் பைக் குரல், "இருமலைக்கூட" என்றது.

"கேளுங்க அப்புச்சி. இதும் அதும் ஒண்ணுதான்."

"நீதான் எல்லாத்தையும் வேகமா ஓடவிட்டுக் கேக்கறவளாச்சே. போன்ல எவன் கொரலு எவன் கொரலா இருக்குது? எடு அக்கட்ட."

கடைசியாக ஆமினாவைப் பார்த்தேன். எழுபத்தெட்டில் என் குரலை ஓரடி தூரத்தில் நின்று கேட்டவள் இப்போது உயிரோடு இருப்பது இவள் ஒருத்திதான். வேறு யாரும் இல்லை. இவள் சொன்னால் சரி என்று நினைத்தேன்.

"அம்மணி, நீ சொல்லு. அன்னைக்கு மேடைல பேசுனேனே. அதுவா இது?"

அவள் கம்பை இந்தக் கையில் இருந்து அந்தக் கைக்கு மாற்றினாள்.

"இதேதானுங்ணா."

"வயசாயி இப்படி ஆயிப்போச்சுங்கறயா?"

"இல்லீங்க. அப்பவே இப்படித்தான். மில்லுல மிசினு சத்தத்துல கத்திக் கத்தி, பஞ்சுத் தூசியும் போயி, அப்பவே உங்க தொண்டை கரகரன்னுதான் இருக்கும். இன்னிக்குக் கொஞ்சம் மெலிஞ்சிருக்குது, அவ்வளவுதானுங்க."

"பொறவு எதுக்கு எனக்கு ராசா வேசம் குடுத்தாங்க?"

ஆமினா வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். "அந்த ராசா சட்டை வேற ஆருக்கும் பத்தலைங்களே! உங்க ஒருத்தருக்குத்தான் தோள்பட்டை நெறஞ்சுது. எங்கப்பாதானே ஆர்மோனியம். அவரு எங்கிட்டச் சொன்னாரு."

இனியா சிரிப்பை அடக்கப் பார்த்து முடியாமல் திரும்பிக்கொண்டாள். ஹர்ஷிணி தரையைப் பார்த்தாள்.

நாற்பத்தாறு வருஷமாக அந்தக் குரலைத்தான் தேடிக்கொண்டிருக்கிறேன். அதைத்தான் மெட்ராஸ்காரன் என்னிடமிருந்து பிடுங்கிக்கொண்டான் என்று திட்டிக்கொண்டிருந்தேன். இவள் என்னடா என்றால் சட்டை அளவு என்கிறாள்.

"பழனியாத்தா அந்தக் கொரலக் கேட்டுத்தான் கட்டிக்கிட்டா" என்றேன்.

"ஆமாங்க. எங்கிட்டயும் சொன்னா."

"பொறவென்ன?"

"நல்ல கொரலுன்னா சொன்னா? அப்படிச் சொல்லலீங்க." ஆமினா இப்போது சிரிக்கவில்லை. "அந்தாளு கூப்புட்டா திரும்பிப் பாக்கோணும்னு இருக்குதுக்கா, அப்படின்னா. என்னைய அக்கான்னுதான் கூப்புடுவா, அவ எனக்கு மூத்தவளா இருந்துட்டும். சோமனூர்ல அன்னைக்கு நானும் அதுக்குத்தானுங்ணா திரும்புனேன். பேரு எம்பட பேரு இல்லைன்னு எனக்குத் தெரியாதுங்களா?"

பழைய ஆட்கள் சொல்வதையும் அப்படியே நம்ப முடியாது. வயசானால் எல்லாவற்றையும் மாற்றிப் போட்டுக்கொள்கிறார்கள். இவள் வேறு என் ராணியாக நடித்தவள். நடிக்கத் தெரிந்தவள்.

"ஸ்கூட்டர்ல ஏறுங்க அப்புச்சி" என்றாள் இனியா.

"நான் பஸ்ல போயிக்கறேன்."

"வெயிலுங்க அப்புச்சி!"

"நடிகனுக்கு என்ன வெயிலு?" என்றுவிட்டு நடந்தேன். பின்னால் மூன்று பேரும் என்னவோ பேசிக்கொண்டார்கள். என்னைப் பற்றித்தான் இருக்கும்.

அவிநாசி ரோட்டில் ஓரமாக நடந்தேன். லாரி, பஸ், காலேஜ் பையன்கள் பைக். இரைச்சல் என்றால் அப்படி ஓர் இரைச்சல். இதில் நான் என்ன பேசினாலும் எனக்கே கேட்காது. அந்தத் தைரியத்தில் ஒரு தடவை சொல்லிப் பார்த்தேன். மில் மேடைக் குரலில் இல்லை. சோமனூரில் சொன்ன மாதிரி, கதவுக்கு அந்தப் பக்கம் இருக்கிறவளைக் கூப்பிடுகிற மாதிரி.

"பழனியாத்தா."

எனக்குச் சரியாகக் கேட்கவில்லை.

பஸ் ஸ்டாப்பில் எனக்கு முதுகு காட்டி ஒரு பெண் நின்றிருந்தாள். ஆபீஸ் பை, காதில் அதே வெள்ளைப் பொத்தான். அவள் சட்டென்று திரும்பினாள். காதில் இருந்து பொத்தானை எடுத்துவிட்டு, "கூப்புட்டீங்களாங்க?" என்றாள்.

"இல்ல அம்மணி" என்றேன்.

எனக்குப் பின்னால் சிங்காநல்லூர் பஸ் வந்துகொண்டிருந்தது. அதைப் பார்க்கத்தான் திரும்பியிருப்பாள். நான் அந்த பஸ்ஸில் ஏறவில்லை. நடந்தேன்.